சத்தமில்லாத சண்டை

போன ஆடி மாதம், குற்றாலச் சாரல் எங்கள் தென்காசி வரை தூறிக்கொண்டிருந்த ஒரு காலை நேரம். கல்லூரியில் படிக்கும் என் மகள், பரீட்சைக்காகச் சிரிப்புக் குறும்படம் ஒன்று எடுக்கிறேன், நீங்கள்தான் நடிக்க வேண்டும் என்று வந்து நின்றாள். கூட நடிப்பது யார் என்று கேட்டேன். பெரியப்பா என்றாள். எனக்குச் சுர்ரென்று கோபம் ஏறியது.

நானும் அண்ணனும் பேசி நாலு வருடமாகியிருந்தது. அவர் மகள் கல்யாணப் பத்திரிகையில் என் பெயரை விட்டுவிட்டார். ஒன்றுவிட்ட சித்தப்பா பெயரெல்லாம் இருக்கிறது, கூடப் பிறந்தவன் பெயர் இல்லை! நான் கல்யாணத்துக்கே போகவில்லை.

"வசனமே கிடையாதுப்பா, ஊமைப் படம். நீங்க அவங்ககிட்ட ஒரு வார்த்தை பேச வேண்டாம்" என்று மகள் என்னை மடக்கிவிட்டாள்.

கதை அயர்லாந்து நாட்டுப்புறக் கதையாம். புதையலுக்குக் காவல் இருக்கும் குள்ளனைப் பிடித்த ஒருவன், அது புதைந்திருக்கும் இடத்துச் செடியில் அடையாளத்துக்குச் சிவப்புத் துணி கட்டிவிட்டு மண்வெட்டி எடுக்கப் போகிறான். திரும்பி வந்தால் தோட்டத்தில் எல்லாச் செடியிலும் சிவப்புத் துணி, குள்ளனின் தந்திரம்! அந்த ஒருவனை என் மகள் அண்ணன் தம்பி இரண்டு பேராக ஆக்கிவிட்டாள்.

சுந்தரபாண்டியபுரத்தில் அண்ணனின் சூரியகாந்தித் தோட்டத்தில்தான் படப்பிடிப்பு. ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமலே பாதி முடிந்தது. கடைசியில், உன்னால்தான் புதையல் போச்சு என்று நாங்கள் சண்டை போடும் காட்சி. மகள் செல்போனோடு தூரத்து வரப்பில் நின்று, சத்தம் பதிவாகாது, வாய்க்கு வந்ததைத் திட்டிக்கொள்ளுங்கள் என்று கத்தினாள்.

எனக்குக் கேட்கவா வேண்டும்! அதற்குள் அண்ணன் முந்திக்கொண்டார். கண்ணை உருட்டி, மண்வெட்டியை ஓங்கிக்கொண்டு, மெல்லச் சொன்னார்: "பத்திரிகையில உன் பேரு விட்டுப்போனது என் தப்புதாம்லே. அச்சாகி வந்த பொறவுதான் பாத்தேன். எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு உன்கிட்ட வருததுன்னு இருந்துட்டேன்."

ஓங்கிய மண்வெட்டி இறங்கவில்லை, முறைப்பும் மாறவில்லை. அப்பா, நீங்களும் கோபமாகத் திட்டுங்கள் என்று மகள் அங்கிருந்தே அதட்டினாள். அண்ணனின் சட்டையைக் கொத்தாகப் பிடித்து உலுக்கிக்கொண்டே, "நான் கல்யாணத்துக்கு வராம இருந்தது அதவிடப் பெரிய தப்புண்ணே" என்றேன். இரண்டு பேர் கண்ணிலும் தண்ணீர். நடிப்பு பிரமாதம் என்று மகள் கை தட்டினாள்.

அன்று மதியம் அண்ணன் வீட்டில்தான் சாப்பாடு. மதினி மூன்றாவது தடவை சோறு போட்டபோதும் நான் போதும் என்று சொல்லவில்லை.

படம் பார்த்த சொந்தக்காரர்கள் எல்லாரும் அந்தச் சண்டைக்குத்தான் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். அண்ணனும் நானும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து சிரித்தோம். ஒரு நிமிடத்தில் பேசித் தீர்ந்துபோன விஷயத்தை நாலு வருடம் தூக்கிச் சுமந்த என் வீம்பை நினைக்கும்போது மட்டும், இன்றைக்கும் எனக்குச் சிரிப்பு பாதியில் நின்றுவிடுகிறது.