கடைசி ஷாட்டுக்கு வளர்த்த முடி

பேய்ப் படங்களில் நடிக்கிறேன். சின்னப் படங்கள். பாதி தியேட்டருக்கு வராது, போனில்தான் பார்க்க வேண்டும். ஒன்றில் முகமூடி போட்டு மரத்திலிருந்து குதித்தேன். ஒன்றில் குப்புறக் கிடந்த பிணம். ஒன்றில் முகம் முழுக்கச் சேறு பூசிவிட்டார்கள்.

அப்பா ஒவ்வொன்றையும் போனைக் கண்ணுக்குக் கிட்டே வைத்துப் பார்ப்பார்.

"இதுல எதுடா நீ?"

காட்டுவேன்.

"முதுவ வெச்சி நான் இன்னா கண்டேன். எல்லாருக்கும் ஒரே முதுவுதான்" என்பார்.

அப்புறம் கல்வராயன்மலைப் படம் வந்தது. மலைக்காரர் ஒருவர் சாமை கொட்டி வைக்கிற அறையை ஒழித்துக் கொடுத்தார். பேய் பிடித்தவனை அதில் கட்டிப் போட்டிருப்பதுதான் கதை. அவன் நான். படம் முழுக்க என் முகம். தோள் வரை முடி, நெஞ்சு வரை தாடி வேண்டும் என்றார் டைரக்டர். என்னைவிடச் சின்னவர். வளர்த்தேன்.

எல்லாம் எடுத்தாயிற்று, கடைசி ஷாட் பாக்கி. கதவைத் திறக்கிறார்கள், அவன் வெளிச்சத்துக்கு வந்து நிற்கிறான், அவ்வளவுதான். அதற்குள் மழை பிடித்துக்கொண்டது. வாடகைக் கேமரா திரும்பிப் போய்விட்டது.

"அண்ணே, முடில மட்டும் கை வெச்சிடாதீங்க. சீக்கிரம் வந்துடறேன்" என்றார் டைரக்டர்.

வைக்கவில்லை. கரும்பு வெட்டும்போது காய்ந்த சோகை முடியில் மாட்டும், துண்டு கட்டிக்கொள்வேன். வேறு படத்தில் போலீஸ்காரன் வேஷத்துக்குக் கூப்பிட்டார்கள். மழித்த முகம் வேண்டும் என்றார்கள். போகவில்லை. டவுன் பஸ்ஸில் என் பக்கத்து சீட்டு காலியாகவே வரும்.

"இன்னாங்க, பேய் இறங்கிச்சா இல்லையா?" என்பாள் மனைவி, சோறு போடும்போது.

அப்பா மட்டும், "படம் எப்படா வரும்?" என்பார்.

இரண்டு வருஷம் முன்னால் அப்பா செத்துப்போனார். எங்கள் வழக்கத்தில் அப்பாவுக்கு மூத்த மகன் கொள்ளி வைக்க வேண்டும், அம்மாவுக்கு இளையவன். கொள்ளி வைத்தவன் கருமாதியில் தலையும் மீசையும் எடுக்க வேண்டும். மூத்தவன் நான். டைரக்டருக்கு போன் போட்டேன்.

"விக்கு வெச்சிக்கலாமா?" என்றேன்.

"குளோசப்புண்ணே. ஒட்டனது தெரியும். வேணும்னா முதுகுப் பக்கமா எடுத்துடலாம்."

"முதுவு வேணாம்."

"அப்ப எடுத்துடுங்கண்ணே. அப்பா காரியம். திரும்ப வளரட்டும், காத்துக்கினு இருப்போம்."

ஆற்றங்கரையில் உட்கார்ந்தேன். முடி எடுப்பவர் தண்ணீர் தெளித்துக் கத்தியை வைத்தார். பங்காளிகள் சுற்றி நின்றார்கள்.

"இந்தப் பேய ஓட்ட எங்க அண்ணன் சாவ வேண்டியதா போச்சி" என்றார் சித்தப்பா.

இரண்டு பேர் சிரித்தார்கள். அப்புறம் யாரும் சிரிக்கவில்லை. முடி தண்ணீரோடு போயிற்று.

தலை லேசாக இருந்தது. நன்றாகத் தூங்கினேன். பிறகு வளர ஆரம்பித்தது. இனி எதுடா நீ என்று கேட்க ஆள் இல்லை. ஆனாலும் வெட்டவில்லை.

இப்போது மறுபடி தோளுக்கு வந்துவிட்டது. டைரக்டர் ஒரு செல்போன் கடையில் வேலைக்குச் சேர்ந்துவிட்டார். போன் போட்டால், "ஆடி போவட்டும்ணே" என்கிறார். போன ஆடிக்கும் அதைத்தான் சொன்னார். ஒரு நாள் பஸ் ஏறி மலைக்குப் போய் அறையைப் பார்த்தேன். சாமை மூட்டை கதவு வரைக்கும் அடுக்கியிருந்தது.

"எடுக்கறப்ப சொல்லு, ஒழிச்சித் தரேன்" என்றார் மலைக்காரர்.

திரும்பி வரும்போது பஸ் மாறக் கச்சிராயபாளையத்தில் இறங்கினேன். கருமாதியன்று எனக்கு முடி எடுத்தவர் கடை வாசலில் நின்றுகொண்டிருந்தார்.

"இன்னாங்க, திரும்பவும் வளந்துடுச்சி. இனிமே எப்ப எடுக்கறது?"

"தெரியல" என்றேன். "அம்மாவுக்கு தம்பிதான் எடுப்பான்."

துண்டைக் கட்டிக்கொண்டு அடுத்த பஸ்ஸுக்கு நின்றேன்.