சொந்த நாடகத்துக்கு ஒரு விமர்சனம்

எழுபதுகளில் தூத்துக்குடியில் நான் பிழை திருத்துபவனாக இருந்த மாலைப் பத்திரிகைக்கு, சென்னையில் சினிமாவுக்கு வசனம் எழுதிவிட்டு வந்த ஒருவர் நிருபராகச் சேர்ந்தார். ஒல்லியான மனிதர், சட்டை மட்டும் யாரோ பருத்த நடிகர் கொடுத்தது போல் தொளதொளவென்றிருக்கும். எதையும் வாய்விட்டுப் பேசிப் பார்க்காமல் எழுதமாட்டார். உப்பு விலை ஏறிய செய்தியைக்கூட வில்லன் குரலில் ஒருமுறை சொல்லிப் பார்ப்பார்.

துறைமுகத் தொழிலாளர்கள் நடிக்க அவர் ஒரு நாடகம் எழுதினார். அதற்கு விமர்சனம் எழுத ஆசிரியர் அவரையே அனுப்பினார். "மகன் செத்துக் கிடக்கிறான்; தகப்பன் பேசுகிறான், பேசுகிறான், நிறுத்தவே இல்லை" என்று இவர் எழுதிவிட்டார்.

தகப்பனாக நடித்த மூட்டை தூக்கும் தொழிலாளி பத்திரிகையோடு வந்து நின்றார்.

"அண்ணாச்சி, நீரு எழுதிக் குடுத்ததத்தான பேசுனேன்? இப்ப தெருவுல தலைகாட்ட முடியல."

"உம்ம மேல குத்தமில்ல. எழுதுனவன் சினிமாக்காரன். நான் அவன்கிட்ட சொல்லுதேன்," என்றார் இவர், சிரிக்காமல்.

அடுத்த முறை நாடகம் மேடையேறியபோது அந்த இடத்தில் வசனமே இல்லை; இவர் முழுவதையும் அடித்துவிட்டிருந்தார். தொழிலாளி மகனைத் தோளில் தூக்கிக்கொண்டு, மூட்டை சுமப்பது போலவே, மெதுவாக நடந்து போனார். கொட்டகையில் யாரும் இருமக்கூட இல்லை. என் பக்கத்தில் இருந்த இவர் அழுதுகொண்டிருந்தார்.

மறுநாள் அவருடைய விமர்சனம் திருத்தத்துக்கு வந்தது. "நடிப்பு அருமை. இதில் எழுதியவருக்குப் பங்கு எதுவும் இல்லை" என்றிருந்தது. எழுத்துப்பிழை இல்லாததால் அப்படியே அச்சுக்கு அனுப்பினேன். அவர் எழுதியது உண்மையா பொய்யா என்று இன்றுவரை என்னால் தீர்மானிக்க முடியவில்லை.