மணல்மூட்டைக் கோட்டைக்குள் ஒரு கார்

போன மழையில் எங்கள் கார் மூழ்கி, மெக்கானிக் ஷெட்டிலேயே பொங்கல் கொண்டாடியது. "இந்தத் தடவையும் முங்குச்சுன்னா, இனிமே நமக்கு பஸ்தான்" என்று என் மனைவி தீர்ப்பளித்திருந்தாள்.

இருந்தும், புயல் அறிவிப்பு வந்து, எங்கள் சிட்லபாக்கமே காரை வெள்ளம் எட்டாத உயரத்தில் நிறுத்த மேம்பாலத்துக்கு ஓடியபோது நான் ஓடவில்லை. கோட்டை முற்றுகைகளைப் பற்றி அலமாரி நிறையப் படித்தவன். எதிரி வருகிறான் என்ற வதந்திக்கே கோட்டையைக் காலி செய்தவனுக்கு வரலாற்றில் அடிக்குறிப்புகூடக் கிடையாது.

கேட்டுக்குக் குறுக்கே இடுப்பளவு மணல்மூட்டைகளை அடுக்கினேன். மேலே தார்ப்பாய். சுற்றுச்சுவரின் அடியில் தண்ணீர் போகும் துளையையும் விடவில்லை. எதிரி சுரங்கம் வழியாக வரலாமே! சிமெண்ட் வைத்துப் பூசினேன்.

எதிர்வீட்டு பாய், பல்லாவரத்தில் தோல் பை வியாபாரம் செய்பவர், காரைக் கிளப்பிக்கொண்டே எட்டிப் பார்த்தார்.

"இன்னா சார், கோட்டையா?"

"ஒரு சொட்டு உள்ள வராது, பாய்."

"அது சரி. கார் எப்படி வெளிய வரும்?"

"அது எதுக்கு வெளிய வரணும்? அதுக்குத்தானே கோட்டை!"

சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

மறுநாள் காலையிலிருந்து கொட்டியது. தெருத் தண்ணீர் என் மதிலில் மோதித் திகைத்து நின்றது. இல்லாத மீசையை முறுக்கினேன்.

"என்னங்க, கொஞ்சம் இங்க வாங்க."

மொட்டைமாடித் தண்ணீர் மொத்தமும் குழாய் வழியாக வாசலில் இறங்கியிருந்தது. தெருவில் கணுக்கால் அளவு. உள்ளே முழங்காலை நெருங்கிக்கொண்டிருந்தது. மொட்டைமாடியைப் பற்றி எந்தத் தளபதியும் ஒரு வரி எழுதி வைக்கவில்லை.

"வெளித் தண்ணிய நல்லாதான் தடுத்திருக்கீங்க. உள்ள இருக்கறதையும் போகவிடாம தடுத்திருக்கீங்க, பாருங்க, அங்கதான் நிக்கறீங்க" என்றாள்.

கட்டிய மதிலை உள்ளிருந்து நானே இடித்தேன். தண்ணீர் தெருவுக்குப் பாய்ந்தது. சாவியைத் திருப்பியபோது மனைவி காரைப் பார்க்கவில்லை; பஸ் ஸ்டாப் இருக்கும் திசையைப் பார்த்தாள். கார் இருமியது, யோசித்தது, கிளம்பியது.

மேம்பாலத்தில் ஒரு சைக்கிள் நுழைய இடமில்லை. தன் காரைப் பார்க்கக் குடையோடு வந்திருந்த பாய், அதன் பின்னால் வைத்திருந்த பெயிண்ட் வாளிகளை எடுத்து ஓரமாகப் போட்டார்.

"வாங்க சார். உங்களுக்குத்தான் நேத்தே இடம் புடிச்சு வச்சேன்."

"நேத்தேவா?" மானம் கொஞ்சம் மிச்சமிருந்தது. "பாய், இத ஓட்டம்னு நெனச்சுடாதீங்க. மேட்டு நெலத்துக்கு நகர்றது ஒரு வியூகம். பெரிய பெரிய ராஜாவெல்லாம் செஞ்சிருக்காங்க."

"இன்னா பேர் வேணா வச்சுக்கோங்க சார். மொதல்ல ஹேண்ட்பிரேக் போடுங்க, வண்டி உருளுது."