மாமா விட்டுப்போன மிளகாய்த் தோட்டம்

மிளகாய்ப்பழம் ஆய்ந்த விரல்களைத் தேங்காயெண்ணெய் பூசிக் கழுவினாலும் எரிவு அடங்காது. அந்தக் கையால் கண்ணைத் தொட்டுவிட்டு நான் அழுதுகொண்டு நின்ற பின்னேரத்தில்தான், எங்கள் ஒழுங்கையில் தோட்டம் செய்த ஐந்து பேர் இயக்கத்துக்குப் போய்விட்டார்கள் என்ற செய்தி வந்தது. அவர்களில் ஒருவர் என் மாமா. அதற்கு முந்தின கிழமை பக்கத்துத் தோட்டத்துக்காரர் குண்டு விழுந்து செத்ததிலிருந்து அவர் யாரோடும் கதைக்கவில்லை. போவதென்று முடிவெடுத்தவர் அந்த ஆய்ச்சல் முடியும்வரையாவது பொறுத்திருக்கலாம். கன்றெல்லாம் பழுத்து நிற்க, மாமியையும் அம்மாவையும் பத்து வயதான என்னையும் அதற்குள் விட்டுவிட்டுப் போனார்.

போனவர் சும்மா இருந்தாரா என்றால் அதுவுமில்லை. வருவோர் போவோரிடம் துண்டுக் கடிதம் கொடுத்துவிடுவார். சுகமாக இருக்கிறேன் என்று ஒரு வரி இருக்காது. தண்ணீர் இறைப்பு எத்தனை நாளுக்கு ஒருமுறை, எந்தப் பாத்திக்கு எரு என்று பக்கம் முழுவதும் கட்டளைதான்.

“துவக்கைப் பிடிச்சுக்கொண்டு எனக்குத் தோட்டம் செய்யப் பழக்கிறாராம்” என்று மாமி கடிதத்தை அடுப்பில் போடுவார். போடுமுன் இரண்டு தரம் வாசிப்பார்.

ஒருநாள் மத்தியானம் மாமாவே வந்தார். இரண்டு மணித்தியாலம்தான் விடுப்பாம். துவக்கைக் கிணற்றுக்கட்டில் சாத்திவிட்டு மண்வெட்டியை எடுத்தவர், நாங்கள் மூன்று நாள் முதுகு ஒடிய வெட்டிய வாய்க்காலைக் கலைத்து முதலிலிருந்து வெட்டத் தொடங்கினார்.

“சாப்பிட்டிட்டு வெட்டுங்கோவன்” என்றார் மாமி.

“இப்பிடி வெட்டினா கடைசிப் பாத்திக்குத் தண்ணி போகாது. உனக்கு எத்தினை தரம் எழுதினனான்?”

மாமி சோற்றுக் கோப்பையை வரம்பில் வைத்துவிட்டு வீட்டுக்குப் போய்விட்டார். மாமா கடைசிப் பாத்திவரை வெட்டி முடித்து, சோற்றைத் தொடாமல், சொல்லாமல் போனார். பிறகு கடிதமும் வரவில்லை, ஆளும் வரவில்லை. அந்த வாய்க்காலில் தண்ணீர் ஒழுங்காக ஓடியது. அதற்காகவும் மாமி அவரை மன்னிக்கவில்லை.

இப்போது மாமி வெளிநாட்டில், மவுண்ட் ரோஸ்கில்லில் எங்களோடு இருக்கிறார். ஊரில் தோட்டம் இருந்த இடத்தில் யாரோ வீடு கட்டிவிட்டார்கள். போன ஐந்து பேரில் ஒருவரும் திரும்பவில்லை. போன கிழமை, இங்கே பிறந்த என் மகள் பள்ளிக்கூட வேலைக்காக மாமாவைப் பற்றிக் கேட்டாள்: “அவர் ஃபார்மரா, ஃபைட்டரா?”

“ரெண்டையும் அரைகுறையில விட்டிட்டுப் போன மனுசன் எண்டு எழுது” என்றார் மாமி.

“பேர்?”

கலியாணம் கட்டிய நாளிலிருந்து மாமி வாயால் சொல்லாத பெயர் அது. நான் சொல்ல வாயெடுப்பதற்குள் அவரே சொன்னார்: “சிவபாதம்.” மகள் அதை ஆங்கிலத்தில் பிழையாக எழுத எழுத, எரிச்சலோடு மூன்று தரம் திருப்பிச் சொன்னார்.