மடித்துக் கட்டிய பேனர்

நேற்று டவுணில் சட்டைத்துணி எடுக்கப் போனவன், ஒரு பிளெக்ஸ் கடை வாசலைத் தாண்டும்போது மூக்கைப் பொத்திக்கொண்டேன். அந்த மை வாடை எனக்கு ஆகாது. இத்தனைக்கும் சில வருஷம் அதில்தான் சோறு தின்றேன். பௌதிகம் படித்துவிட்டு, வட்டச் செயலாளர்களின் மஞ்சள் பல்லைக் கம்ப்யூட்டரில் வெளுத்துக்கொண்டிருந்தேன். காதுகுத்து, கல்யாணம், கண்ணீர் அஞ்சலி எல்லாவற்றுக்கும் என்னிடம் ஒரே ரோஜாப்பூதான்.

யோகன் அண்ணன் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். இலங்கையிலிருந்து வந்து அகதி முகாமில் இருந்தவர். எங்கள் கடைக்குச் சவுக்குக் கம்பு நட்டு பேனர் கட்டுகிற வேலை. உச்சியில் நின்று பீடி பற்றவைப்பார்; கீழே நிற்கிற நான் கம்பை இறுக்கிப் பிடித்துக்கொள்வேன்.

அங்கே போர் முடிந்து ஒன்றிரண்டு வருஷம் ஆகி, செத்தவர்களின் படங்கள் வெளியே வந்துகொண்டிருந்த சமயம். இங்கே தேர்தல். தெருவுக்குத் தெரு அந்தப் படங்கள்தான். சனம் அண்ணாந்து பார்த்து ‘ச்சோ’ கொட்டிவிட்டு, கையிலிருக்கிற வடையைக் கடிக்கும். எங்கள் கடைக்கும் ஒரு கட்சிக்காரர் படங்களோடு வந்தார். மேலே தலைவர் கும்பிட்டுச் சிரிக்கிறார், கீழே வரிசையாகப் பிணங்கள். நான்தான் ஒட்டிக் கொடுத்தேன்.

டவுண் ஆர்ச்சுப் பக்கத்தில் கட்டுவதற்காக அதை விரித்த யோகன் அண்ணன் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். உடம்பில் துணியில்லாமல் கிடந்த ஒரு பெண்ணின் முகத்தை விரலால் தொட்டார்.

“தம்பி, இது என்ட தங்கச்சி. அவளுக்கு மேல ஒரு துணி போட்டு விடுங்கோ.”

அந்தப் பெண்ணின் மேல் ஒரு துணி வரைந்து வேறு பேனர் அடித்துத் தருகிறேன் என்று கட்சிக்காரரிடம் கெஞ்சினேன். மனுஷன் கோபப்படவேயில்லை. தோளில் கை போட்டுப் பைய என் காதில் சொன்னார்.

“துணியப் போட்டு மூடுனா எவன் நின்னு பாக்கப் போறான் வே?”

யோகன் அண்ணன் கம்பில் ஏறினார். கீழ் வரிசை உள்ளே போகும்படி பேனரை மடித்து, இறுக்கிக் கட்டிவிட்டு இறங்கிப் போனார். மறுநாள் காலையில் யாரோ மடிப்பைப் பிரித்துவிட்டிருந்தார்கள். அதற்குப் பிறகு அவர் வேலைக்கு வரவில்லை. முகாமில் போய்க் கேட்டேன். குடும்பத்தோடு எங்கோ போய்விட்டார் என்றார்கள்.

அந்தக் கடை இப்போது இல்லை. கட்சிக்காரர் வேறு கட்சிக்குப் போய்விட்டார். படம் மட்டும் வருஷாவருஷம் அஞ்சலி பேனரில் வருகிறது. போனில் வந்ததை எடுத்துப் பெரிதாக்கிப் பெரிதாக்கி அடிக்கிறார்கள். இன்னும் துணியில்லாமல்தான் கிடக்கிறாள். முகம்தான் அழிந்துபோய்விட்டது. யோகன் அண்ணனே வந்து நின்றாலும் இனி அடையாளம் தெரியாது.