அண்ணி அளவுக்கு ஒரு பாத்டப்

என் அண்ணி பியாட்ரிஸ் ஐந்தடியைத் தொடாதவள். அவளைக் கட்டிய என் அண்ணன் மைக்கேல்ராஜ் ஆறடியைத் தாண்டியவன். ஜோகுபாளையத்தில் அவன் கட்டிய வீட்டில் கண்ணாடி, துணிக்கொடி, சமையலறை அலமாரி எல்லாம் அவன் கைக்கு எட்டுகிற உயரம்தான். அண்ணி ஒரு முக்காலியை இழுத்துக்கொண்டே குடும்பம் நடத்தினாள். ஒரு நாள்கூட முனகியதில்லை. எனக்குத்தான் பற்றிக்கொண்டு வரும்.

நர்சரி டீச்சராக நின்று நின்றே இடுப்பு போய், போன வருஷம் ரிட்டையர் ஆனாள். அப்போதுதான் வாயைத் திறந்து ஒரு ஆசையைச் சொன்னாள். பாத்டப்பில் வெந்நீர் நிரப்பி, கழுத்துவரை சாய்ந்து கிடக்க வேண்டுமாம்.

அண்ணன் உடனே டேப் எடுத்து பாத்ரூமை அளந்தான். ஆறடி தொட்டி தாராளமாகப் போகும்.

"வாங்கறதே வாங்கறோம், பெருசா வாங்கிடலாம்."

எங்கள் வீட்டு வியாதி இது. அம்மா எனக்கு வாங்கிய யூனிஃபார்ம் அளவாக வந்தபோது பள்ளிக்கூடமே முடிந்துவிட்டது.

கடையில் அண்ணி செருப்பைக் கழற்றிவிட்டு, சேலையைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டு ஆறடி தொட்டிக்குள் சாய்ந்தாள். கால் எதிர்முனையைத் தொடவில்லை. வழுக்கிக்கொண்டே போய் அடியில் மல்லாந்துவிட்டாள்.

"ஐயோ அண்ணா, தண்ணி இருந்திருந்தா அண்ணி முழுகியே போயிருப்பாங்க!" என்று கத்தினேன்.

"ஒரு கைப்பிடி வெச்சுட்டா சரியாப்போச்சு."

அடப்பாவி!

அண்ணி எழுந்தாள். மூலையில் இருந்த நாலரை அடி தொட்டிக்குள் போய்ச் சாய்ந்தாள். பாதம் ஊன்றிக்கொண்டது, கழுத்து விளிம்பில் பதிந்தது. கண்ணை மூடிக்கொண்டாள்.

"இதுதான் வேணும்."

"இதுல நான் எப்படிப் படுக்கறது பியா? முட்டி மூக்குல இடிக்குமே!"

"நீங்க ஷவர்ல குளிங்க. வீட்ல எல்லாமே உங்க அளவு. இது ஒண்ணாவது என் அளவுல இருக்கட்டும்."

கண்ணைத் திறக்காமலே சொன்னாள். அப்படியே கட்டிப்பிடித்து முத்தம் கொடுக்கலாம் போலிருந்தது எனக்கு.

தொட்டி பொருத்திய அன்று உள்ளே போனவள் லேசில் வெளியே வரவில்லை. பாட்டுச் சத்தம் ஹால்வரை கேட்டது. அதற்கு நடுவே டிரில் சத்தம் வேறு. என்னடா என்று பார்த்தால், ஹால் வாஷ்பேசின் கண்ணாடியைக் கழற்றி ஓரடி கீழே மாட்டிக்கொண்டிருந்தான் அண்ணன்.

மறுநாள் காலையில் போனேன். முதுகை வளைத்துக் குனிந்து ஷேவ் செய்துகொண்டிருந்தான்.

"இடுப்பு புடிச்சுக்கிச்சுடி கேரல்."

"அப்ப அந்த ஆறடி தொட்டிய நீ வாங்கிக்கோ" என்றேன்.