வராந்தா முழுக்கப் பொரிந்த சேப்பங்கிழங்கு

அறுபதுகளின் நடுவில், ஓர் ஆவணி மாதம். பம்பாய் தாராவியில், நீளமான ஒரே வராந்தாவை ஒட்டி வரிசையாக ஒற்றை அறை வீடுகள் உள்ள கட்டடத்தில் மாடியில் குடியிருந்தோம். அன்று எனக்கு நிச்சயதார்த்தம்.

அதற்கு முன் பெண் பார்க்க வந்த ஓர் இடம், மூக்குப் பிடிக்கச் சாப்பிட்டுவிட்டுப் போய் ஒரு கடுதாசிகூடப் போடவில்லை. இதுவும் தட்டிப்போய்விடுமோ என்று அம்மாவுக்கு ஒரே பயம். பக்கத்துக் கல்யாண் ஊரிலிருந்து வருகிறவர்கள் எங்களைப் போலவே திருநெல்வேலிப் பக்கத்துச் சைவம். மாமனாராகப் போகிறவர் அதில் ரொம்பக் கறார், வெளியில் காபிகூடக் குடிக்க மாட்டார் என்று கேள்வி. அவருக்கு உயிர், மொறுமொறு சேப்பங்கிழங்கு வறுவல்.

கீழே முற்றத்தில் தார்ப்பாய் கட்டி, செங்கல் அடுப்பில் சமையல். சோறும் சாம்பாரும் கூட்டும் மாடிக்கு வந்துவிட்டன. கிழங்கை வேகவைத்து உரித்து, மிளகாய்த்தூளும் அரிசி மாவும் பிசறி, அண்டா நிறைய வைத்திருந்தோம். எண்ணெய் காயவைக்கிற நேரம் பார்த்துப் பிடித்தது பம்பாய் மழை! தார்ப்பாய் கிழிந்து அடுப்பு தண்ணீரில் மூழ்கியது. மாப்பிள்ளை வீட்டாரோ ரயிலை விட்டு இறங்கி நனைந்தபடி வந்தே விட்டார்கள். எங்கள் வீட்டுச் சின்ன ஸ்டவ்வில் பொரித்தால் பொழுது சாய்ந்துவிடும். பொரிக்காமல் வைத்தால் அந்த வழவழப்பை யார் வாயில் வைப்பார்கள்? அம்மா அண்டா பக்கத்தில் உட்கார்ந்து அழுதேவிட்டாள்.

பக்கத்து அறை மராட்டிக்கார அக்கா எட்டிப் பார்த்தார். “ரோனா நஹி. ஹம் ஹை நா”, அழாதே, நாங்கள் இருக்கிறோமே என்று இந்தியில் சொல்லி அம்மாவின் தோளைத் தட்டிவிட்டு, ஒரு தட்டு நிறையக் கிழங்கை அள்ளிக்கொண்டு போனார். அவரைப் பார்த்து குஜராத்தி வீடு, மலையாளி வீடு, கடையநல்லூர் பாய் வீட்டு அக்கா என்று ஆளுக்கொரு தட்டு. அண்டா காலி!

கொஞ்ச நேரத்தில் அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிவரை எல்லா அறையிலும் சொய்ங் சொய்ங் என்று எண்ணெய்ச் சத்தம். மழைச் சத்தமே கேட்கவில்லை. ஸ்டவ்வில் எரிந்ததெல்லாம் அவரவர் ரேஷனில் கால்கடுக்க நின்று வாங்கிய மண்ணெண்ணெய். பட்டுச்சேலையோடு வாசலில் நின்ற எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துவிட்டது.

பந்தி ஆரம்பித்தது. மாமனார் ஒரு துண்டை வாயில் போட்டார். நல்ல மொறுமொறுப்பு. இன்னொன்றைக் கடித்தார், நெற்றி சுருங்கியது.

“என்ன அண்ணாச்சி, ஒண்ணு லேசா இனிக்கி, ஒண்ணுல தேங்காண்ண மணக்கு, ஒண்ணுல சோம்பு போட்ருக்கு. எத்தன பேரு பொரிச்சாவ?”

அப்பாவுக்குப் பொய் வராது. நடந்ததை ஒன்றுவிடாமல் சொல்லிவிட்டார். மாமனார் சட்டென்று எழுந்துவிட்டார். பந்தியில் பாதியில் எழுந்தால் என்ன அர்த்தம் என்று நான் சொல்லவா வேண்டும்? அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டாள். சரி, இதுவும் போச்சு என்று நினைத்துக்கொண்டேன்.

அவர் வராந்தாவில் வாசல் வாசலாகப் பார்த்துக்கொண்டே நடந்தார். அடுத்த பந்திக்காக எல்லோரும் இன்னும் பொரித்துக்கொண்டிருந்தார்கள். மராட்டிக்கார அக்கா, மீன் பொரிக்கிற கறுத்த வாணலியை மூலையில் கவிழ்த்துவிட்டு, மகள் கல்யாணத்துக்கென்று வாங்கி வைத்திருந்த புது வாணலியை அடுப்பில் ஏற்றியிருந்தார். பாய் வீட்டு அக்கா, கறியே படாத, பால் மட்டும் காய்ச்சும் பாத்திரத்தில் எண்ணெய் வைத்திருந்தார். அப்படிச் செய்யுங்கள் என்று நாங்கள் யாரும் வாய் திறந்து சொல்லவில்லை. எனக்கே அப்போதுதான் தெரியும்.

மாமனார் அந்தக் கவிழ்த்த வாணலியையும் புது வாணலியையும் மாறி மாறிப் பார்த்தார். சாப்பிட்ட கையோடு கும்பிட முடியாமல், தலையை மட்டும் நன்றாகத் தாழ்த்தினார். திரும்பி வந்து அதே இலையில் உட்கார்ந்தார்.

“எல்லா வீட்டுதுலயும் கொஞ்சம் கொஞ்சம் வைங்க.”

அம்மாதான் பரிமாறினாள், கண்ணைத் துடைத்துத் துடைத்து. அடுத்த தையிலேயே கல்யாணம் நடந்தது.

நாம் வாய் திறந்து கேட்காததையும் கவனித்து வைத்துக்கொண்டு, அதைக் காட்டிக்கொள்ளாமலே செய்கிற மனுஷர்கள் வெறும் ஒரு சுவருக்கு அந்தப்பக்கம் இருந்தார்களே என்று நினைத்தால், இத்தனை வருஷம் கழித்தும் எனக்கு ஆச்சரியம் தீரவில்லை.